நம்ம கோயில் கிணறும் பேர் தெரியாத குட்டி ஜீவனும்

 

கிணத்தடியில் புதுசா ஒட்டியிருக்கிற நோட்டீஸைப் பார்த்துட்டு நிறைய பேர் கேக்குறீங்க. "கிணத்துக்குள்ள குளோரின் போடாதீங்க"ன்னு ஏன் எழுதியிருக்கு? பௌர்ணமிக்கு மறுநாள் காலையில நாலு பேர் நின்னு ஒரு வலையை இறக்கி ஏத்துறாங்களே, என்ன பிடிக்கிறாங்க? வாட்சாப்பில் ஒரு அண்ணன், "கிணத்துக்குள்ள புதையலா?" என்றே கேட்டுவிட்டார். ஒவ்வொருத்தருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லி முடியவில்லை. அதனால் உழவாரப் பணிக் குழு சார்பில் இங்கே மொத்தமாக எழுதுகிறோம். பதிவு நீளம்தான், பொறுமையாகப் படியுங்கள். இதில் நாங்கள் செய்த ஒரு தப்பும் இருக்கிறது. அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறோம்.

எங்களைத் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. நாங்கள் ஏழு பேர். ஒருத்தர் லோரி ஓட்டுறவர். ஒருத்தர் லூமுட் ஜெட்டி பக்கம் சாப்பாட்டுக் கடை. ஒருத்தர் நேவியில் இருந்து ரிட்டயர் ஆனவர். மூன்று பேர் ஒரே தோட்டத்து லயத்தில் பிறந்து இப்போது தாமானில் இருப்பவர்கள். இதை டைப் பண்ணுறவர் பேக்டரியில் சூப்பர்வைசர், வயசு ஐம்பத்தஞ்சு தாண்டியாச்சு, படிப்பு ஐந்தாம் படிவத்தோடு சரி. எங்களில் யாரும் அறிவியல் படித்தவர் இல்லை. கீழே வருகிற விவரமெல்லாம் நம்ம கோயில் பிள்ளை ஒருத்தி மூணு ஞாயித்துக்கிழமை உக்கார வச்சுச் சொல்லிக் கொடுத்தது.

விஷயத்துக்கு வருவோம்.

போன வருஷம் ஆடி மாசத்துக்கு முந்தி, கோயிலைக் கழுவிவிடும் வேலையில் இருந்தோம். கிணத்துல இருந்து தண்ணி மொண்டு பித்தளை அண்டாவில் ஊத்தி வச்சிருந்தோம். குருக்கள் ஐயா அபிஷேகத்துக்குக் குடம் எடுக்க வந்தவர் அப்படியே நின்னுட்டார். "என்னப்பா இது, தண்ணிக்குள்ள ஏதோ ஊருது?" என்றார். குனிஞ்சு பார்த்தோம். ஒண்ணும் தெரியலை. டார்ச் அடிச்சுப் பார்த்தப்போதான் தெரிந்தது. வெள்ளை நூல் பிசிறு மாதிரி, அரிசி நொய்யில் பாதி கூட இருக்காது, நாலஞ்சு மெல்ல நெளிஞ்சுக்கிட்டு இருந்தது.

உடனே பேச்சு பரவிவிட்டது. கிணறு கெட்டுப்போச்சு, புழு வச்சிருச்சு, அம்மனுக்கு இந்தத் தண்ணியையா ஊத்துறது என்று ஆளுக்கொரு பேச்சு. அன்று ராத்திரி கமிட்டி கூடியது. பைப்புத் தண்ணிதான் இருக்கே, கிணத்தை மண்ணு போட்டு மூடிவிட்டு அந்த இடத்தில் செருப்பு வைக்கிற கொட்டாய் போடலாம் என்று ஒரு பேச்சு வந்தது. கோபத்தில் சொன்னதில்லை, நல்லதுக்குன்னுதான் சொன்னாங்க. நாங்கதான், "மூட வேண்டாம், எங்ககிட்ட விடுங்க, சுத்தம் பண்ணிடுறோம்" என்று வாங்கிக்கொண்டு வந்தோம்.

சுத்தம் பண்ணினது எப்படி என்று கேட்டீங்கன்னா, குளோரின் பவுடரை வாளி வாளியாகக் கரைத்து உள்ளே ஊத்தினோம். அளவெல்லாம் பார்க்கவில்லை. மறுநாள் மொண்டு பார்த்தால் தண்ணி கண்ணாடி மாதிரி இருந்தது. ஒரு அசைவு இல்லை. எங்களுக்குப் பெருமை தாங்கலை. போட்டோ எடுத்து இதே பக்கத்தில் போட்டோம். நானூறு பேருக்கு மேல் கைகூப்பினீர்கள்.

அந்த ஞாயித்துக்கிழமை மேலே சொன்ன பிள்ளை வந்தாள். சின்ன வயசில் நம்ம கோயில் தேவார வகுப்பில் படிச்சவள், இப்போது யூனிவர்சிட்டியில் உயிரியல் படிக்கிறாள், லீவில் வந்திருந்தாள். எங்களுக்கெல்லாம் மக மாதிரி. வந்தவள் நேரா கிணத்தடிக்கே வந்து கேட்டாள்: "அங்கிள், ஊத்துறதுக்கு முந்தி அது என்னன்னு பார்த்தீங்களா?"

"புழும்மா" என்றோம்.

"புழு இல்ல அங்கிள். எறா சாதி."

கலவரம் நடந்த அன்னைக்கே அவள் அண்டாவில் இருந்து ஒரு மினரல் வாட்டர் போத்தல் நிறையப் பிடித்துக்கொண்டு போயிருக்கிறாள். தெரிந்த டீச்சரிடம் கேட்டு ஸ்கூல் மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்து, போனில் வீடியோவும் எடுத்து வைத்திருந்தாள். அதைக் காட்டினாள். வாயடைச்சுப் போனோம். உடம்பு வளையம் வளையமாக இருந்தது. ஒவ்வொரு வளையத்திலும் ஒரு ஜோடிக் கால். முன்னால் மீசை. கண் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணே இல்லை. உடம்பில் நிறமும் இல்லை, உள்ளே இருப்பது வெளியே தெரிந்தது. இருட்டிலேயே பிறந்து இருட்டிலேயே வாழ்கிற ஜீவனுக்குக் கண்ணு எதுக்கு, கலர் எதுக்கு?

"இது மேல இருந்து விழுந்தது இல்ல அங்கிள். நம்ம கிணத்துக்கு அடியில மணலுக்கும் மணலுக்கும் நடுவுல இருக்கிற தண்ணியில இருக்கிறது. கிணறு தோண்டினதால மேல வந்து நமக்கு முகம் காட்டுது, அவ்வளவுதான்."

நிலத்தடித் தண்ணியில் இப்படிப்பட்ட குட்டி ஜீவன்கள் உலகம் பூரா இருக்காம். நண்டு, எறா வகையறாவில் சேர்ந்தவை. அதில் ஒரு கூட்டத்துக்கு பாத்தினெல்லா என்று பேர். பெரும்பாலும் அரை மில்லிமீட்டரில் இருந்து மூணு மில்லிமீட்டர் வரைக்கும்தான் நீளம். மணல் இடுக்கில் ஒட்டியிருக்கிற பாக்டீரியா, மக்கிப்போன தூள் இதையெல்லாம் தின்று வாழும். அந்தக் கூட்டத்தில் மட்டும் இதுவரை முன்னூறுக்கு மேல் வகைகளுக்குப் பேர் வைத்திருக்கிறார்கள். இவற்றுக்கு உறவான பழைய பிராணிகளின் கல்லச்சு முப்பது கோடி வருஷத்துப் பாறையில் கிடைத்திருக்கிறது.

முதலில் பேர் வாங்கினதும் ஒரு கிணத்து ஜீவன்தான். ஐரோப்பாவில் பிராக் என்று ஒரு நகரம். அங்கே ஒரு கிணத்துத் தண்ணியில் கிடைத்ததை வெய்தோவ்ஸ்கி என்ற அறிஞர் 1882-இல் எழுதி வெளியிட்டு, பாத்தினெல்லா நாட்டன்ஸ் என்று பேர் வைத்தார். பாத்தி என்றால் கிரேக்க மொழியில் ஆழம், நாட்டன்ஸ் என்றால் லத்தீனில் நீந்துவது. ஆழத்தில் நீந்துவது. அழகான பேர் இல்லையா?

இதுவரைக்கும் எங்கேயோ வெள்ளைக்காரன் நாட்டுக் கதை என்று கேட்டுக்கொண்டிருந்தோம். அடுத்து அவள் சொன்னதைக் கேட்டு நிமிர்ந்து உட்கார்ந்தோம்.

"அங்கிள், நம்ம நாட்டுல இந்தக் கூட்டத்துக்கு முதல்ல பேர் வச்சது எங்க தெரியுமா? பத்துமலையில."

பத்துமலை! தைப்பூசத்துக்கு லூமுட்டில் இருந்து பஸ் பிடித்து எத்தனை வருஷம் போயிருப்போம். பால்குடம் எடுத்திருக்கிறோம், எங்களில் ரெண்டு பேர் காவடி எடுத்திருக்கிறார்கள். தம்புசாமிப் பிள்ளை 1890-இல் கோயிலை உண்டாக்கினதும், 1892-இல் இருந்து தைப்பூசம் நடப்பதும், 272 படியும், 2006-இல் திறந்த 140 அடி முருகன் சிலையும் நமக்கு மனப்பாடம். ஆனால் அந்த மலைக்குகைத் தண்ணிக்குள்ளே கண்ணில்லாத ஒரு ஜீவன் இருந்ததும், அதற்கு நம்ம நாட்டுப் பேரை வைத்ததும் எங்களில் ஒருத்தருக்கும் தெரியாது.

பேர் வைத்தவர் நார்வே நாட்டு ஜி.ஓ. சார்ஸ். நண்டு எறா வகையைப் பற்றி வாழ்நாள் பூரா ஆராய்ந்தவர். பத்துமலைக் குகை ஜீவனுக்கு அவர் கொடுத்த பேர் பாராபாத்தினெல்லா மலாயா. அது அச்சில் வந்தது 1929-இல், ஐக்கிய மலாய் மாநில மியூசியங்கள் நடத்திய சஞ்சிகையில். நம்ம தைப்பிங் மியூசியமும் அந்த மியூசியக் கூட்டத்தில் ஒன்றுதான். ஆனால் சார்ஸ் ஐயா 1927-லேயே, 89 வயசில், காலமாகிவிட்டார். தான் வைத்த பேரை அச்சில் பார்க்க அவருக்குக் கொடுத்து வைக்கவில்லை. அவர் போய் ரெண்டு வருஷம் கழித்துத்தான் அந்தப் பேர் உலகத்துக்கு வந்தது.

1929-இல் நம்ம ஆளுங்க பத்துமலை மரப்படியில் காவடி தூக்கி ஏறிக்கொண்டிருந்த காலம். அதே மலைக்குள்ளே நம் காலுக்குக் கீழே இதுவும் ஊர்ந்து கொண்டிருந்தது. நினைத்தால் உடம்பு சிலிர்க்கிறது.

சரி, பேர் வைப்பது என்றால் என்ன? நாமும் பிள்ளைக்குப் பேர் வைக்கிறோம், நாயிக்குப் பேர் வைக்கிறோம். அறிவியலில் அது ஒரு பெரிய சடங்கு. அவள் சொல்லச் சொல்ல, இதை டைப் பண்ணுறவருக்கு பேக்டரி ஸ்டோர்தான் ஞாபகம் வந்தது. அந்தக் கணக்கிலேயே சொல்கிறோம்.

பேர் ரெண்டு பகுதி. சுவீடன் நாட்டு லின்னேயஸ் கொண்டு வந்த முறை. பிராணிகளுக்கு அவர் 1758-இல் வெளியிட்ட புத்தகத்தில் இருந்துதான் கணக்குத் தொடங்குகிறது. முதல் பகுதி குடும்பத்துப் பேர் மாதிரி, இரண்டாவது அந்த ஜீவனுடைய சொந்தப் பேர். நம்ம ஐ.சி.யில் இன்னார், அ.லெ. இன்னார் என்று அப்பா பேரோடு வருகிறதில்லையா? அதைத் திருப்பிப் போட்டு, அப்பா பேரை முன்னால் எழுதினால் எப்படி இருக்கும், அப்படி.

அடுத்து, சும்மா "நான் ஒண்ணு பார்த்தேன்" என்றால் பேர் கிடையாது. மாதிரி வேண்டும். பேக்டரியில் புதுப் பொருள் வந்தால் ஒரு மாஸ்டர் சாம்பிளைத் தனியாக எடுத்து, டேக் கட்டி, பூட்டி வைப்போம். பின்னால் சந்தேகம் வந்தால் அதை எடுத்துத்தான் ஒப்பிட்டுப் பார்ப்போம். அது மாதிரியே, பேர் வைக்கிறவர் ஒரே ஒரு உடம்பைத் தேர்ந்தெடுத்து, இதுதான் இந்தப் பேருக்கு மூல மாதிரி என்று எழுதி மியூசியத்தில் வைக்க வேண்டும். அதற்கு ஹோலோடைப் என்று பேர். நூறு வருஷம் கழித்து யாருக்காவது சந்தேகம் வந்தாலும் அதைத்தான் பார்ப்பார்கள்.

ஒரு மில்லிமீட்டர் உடம்பைக் கண்ணாடித் துண்டில் வைத்து, மைக்ராஸ்கோப்புக்கு அடியில் மெல்லிய ஊசியால் கால் காலாகப் பிரித்து எடுப்பார்களாம். எந்தக் காலில் எத்தனை கணு, எத்தனை முள், எத்தனை மயிர் என்று எண்ணி ஒவ்வொன்றையும் படமாக வரைய வேண்டும். ஏற்கெனவே பேர் வைத்ததில் இருந்து இது எந்த வகையில் வித்தியாசம் என்று எழுதிக் காட்ட வேண்டும். ஒரு முள்ளு கூடக் குறைய இருந்தால் கதையே மாறிவிடலாம். பேக்டரி கியூ.சி. கூட இவ்வளவு கறார் கிடையாது.

அதற்குப் பிறகு அச்சில் வர வேண்டும். ஒரே ஜீவனுக்கு ரெண்டு பேர் தெரியாமல் வேறு வேறு பேர் வைத்துவிட்டால், முதலில் வெளியானதுதான் நிற்கும். முதலில் எழுதின எழுத்துத்தான் பொதுவாக நிற்கும், பிடிக்கலை என்று பின்னால் மாற்ற முடியாது. இதற்கெல்லாம் சர்வதேச விதிப் புத்தகம் இருக்கிறது. இப்போது நடப்பில் இருக்கும் நாலாம் பதிப்பு 2000-ஆம் வருஷம் அமலுக்கு வந்தது. தன் பேரையே வைத்துக்கொள்ளலாமா என்று லோரி அண்ணன் கேட்டார். விதியில் தடை இல்லையாம், ஆனால் அது மரியாதை இல்லை என்று யாரும் செய்வதில்லை. ஊர் பேர் வைப்பார்கள், குரு பேர் வைப்பார்கள், கூட உழைத்தவர் பேர் வைப்பார்கள்.

ஆந்திராவில் நாகார்ஜுனா யூனிவர்சிட்டியில் ரங்கா ரெட்டி என்று ஒரு பேராசிரியர். கிணறு, போர்வெல், ஆத்து மணல் என்று வலையை இறக்கி, இந்தக் கூட்டத்தில் பல புது வகைகளுக்குப் பேர் வைத்தவர். ஹாப்ரோபாத்தினெல்லா என்கிற குடும்பத்துப் பேரை 1973-இல் உண்டாக்கினவர் ஷ்மிங்கே என்ற ஜெர்மன் அறிஞர். ரங்கா ரெட்டி தான் கண்டுபிடித்த ஒன்றுக்கு ஹாப்ரோபாத்தினெல்லா ஷ்மிங்கெய் என்று அவர் பேரையே வைத்தார். குரு தட்சணை மாதிரி. சிவலிங்கம் வைத்துக் கும்பிடுகிற பொர்ரா குகையின் பேரிலும் ஒன்று உண்டு. இந்தக் குடும்பத்துச் சொந்தக்காரர்கள் வேறு எங்கே இருக்கிறார்கள் தெரியுமா? ஆப்பிரிக்காவுக்குப் பக்கத்தில் மடகாஸ்கர் தீவில். கண்ணில்லாத, கடலில் நீந்தத் தெரியாத ஜீவன் அவ்வளவு தூரம் எப்படிப் போச்சு? அது போகவில்லை. கோடிக்கணக்கான வருஷத்துக்கு முந்தி இந்தியாவும் மடகாஸ்கரும் ஒட்டி இருந்த நிலம். நிலம் பிரிந்து போனபோது, மணலுக்குள் இருந்ததும் ரெண்டாகப் பிரிந்து அவரவர் பக்கம் போயிருக்க வேண்டும் என்கிறார்கள்.

காசியிலும் உண்டு. பனாரஸ் கிணறுகளில் கிடைத்த வேறொரு வகைக் கண்ணில்லாத ஜீவனுக்கு சோப்ரா, திவாரி என்ற ரெண்டு பேர் 1950-இல் வைத்த பேர் நிக்கோல்சியா காஷியென்ஸ். நிக்கோல்சியா, இந்த வகையை ஆராய்ந்த ஆஸ்திரேலியா நாட்டு நிக்கோல்ஸ் நினைவாக. காஷியென்ஸ் என்றால் காசியைச் சேர்ந்தது. அதற்கு நெருங்கின சொந்தம் ஆஸ்திரேலியாவில்தான் இருக்கிறது. காசிக்குப் போய் வந்த அக்காமார்கள் யாராவது கேள்விப்பட்டிருக்கிறீர்களா?

நம்ம பேராவிலும் பேர் வைத்த கதை இருக்கிறது. ஈப்போவுக்கு வடக்கே கந்தான் சுண்ணாம்பு மலையில் கிடைத்த ஒரு குட்டி நத்தைக்கு 2014-இல் சாரோப்பா லஃபார்ஜெய் என்று பேர் வைத்தார்கள். அங்கே சிமெண்டுக்குக் கல் எடுத்த லஃபார்ஜ் நிறுவனத்தின் பேர் அது. அந்த நத்தை இருப்பதும் இல்லாமல் போவதும் அவர்கள் கையில் இருக்கிறது என்பதால் அப்படி வைத்தார்களாம். பேருக்குள்ளேயே ஒரு வேண்டுகோளை வைத்துவிட்டார்கள்.

இவ்வளவும் கேட்டுவிட்டு நாங்கள் ஆசையாகக் கேட்டோம்: "அப்போ நம்ம கிணத்துல இருந்ததுக்கு என்னம்மா பேரு?"

அவள் கொஞ்ச நேரம் பேசலை. அப்புறம், "தெரியல அங்கிள்" என்றாள். வீடியோவை லெக்சரருக்கு அனுப்பிக் கேட்டிருக்கிறாள். வீடியோவை வைத்து ஒன்றும் சொல்ல முடியாது, மாதிரி வேண்டும் என்று சொல்லிவிட்டாராம். போத்தலில் இருந்தவை மூணாம் நாளே செத்துக் கரைந்துபோச்சு. ஆல்கஹாலில் போட்டு வைக்கணும் என்று அன்றைக்கு அவளுக்கும் தோணவில்லை. திரும்பவும் கிணத்தில் எடுக்கலாம் என்று வந்தால், நாங்கள் ஊத்தி முடித்துவிட்டோம்.

ஏற்கெனவே பேர் உள்ளதா, இல்லை உலகத்தில் யாருமே பேர் வைக்காத ஒன்றா, எதுவும் தெரியாமல் கொன்று போட்டோம். அதுவும் கோயில் கிணத்தில், ஆடி மாசம் வரப்போகிற நேரத்தில். "தெரியாமத்தானே அங்கிள்" என்று அந்தப் பிள்ளை சமாதானம் சொன்னாள். ஆனால் அன்று யாரும் சாப்பிடாமல்தான் வீட்டுக்குப் போனோம். வாரா வாரம் சிவபுராணம் பாடுகிறோம். மாணிக்கவாசகர் பிறவிகளை வரிசையாகச் சொல்லும்போது அதில் புழுவும் வருகிறது. பாடுகிற வாய்தான் "புழு, ஊத்து பவுடரை" என்றும் சொன்னது.

இன்னொரு விஷயமும் மனசைக் குடைந்தது.

அந்தக் கிணறு யார் தோண்டினது? தோட்டத்து ஆளுங்க தோண்டினது என்று எல்லாரும் சொல்வோம். யார் அந்த ஆளுங்க? கோயில் மண்டபத்துத் தூணில் உபயம் செய்தவர்கள் பேர் எல்லாம் இருக்கிறது. டைல்ஸ் போட்டவர் பேர், பேன் வாங்கிக் கொடுத்தவர் பேர் கூட இருக்கிறது. கிணறு தோண்டினவர்கள் பேர் ஒன்று கூட இல்லை. நம்ம பெரியவங்க செக்ரோலில் நம்பராக இருந்தவர்கள். கிராணி காதில் விழுந்தது போல எழுதினதுதான் பேர். டைப் பண்ணுறவருடைய அப்பா பேரே ஐ.சி.யில் ரெண்டு எழுத்து தப்பு. அந்தத் தப்போடேயே வாழ்ந்து, தப்போடேயே இறப்புப் பத்திரமும் வாங்கிப் போனார். முதலில் எழுதின எழுத்துத்தான் நிற்கும் என்று அந்தப் பிள்ளை சொன்னபோது அவருக்கு அதுதான் நெஞ்சில் தைத்தது.

பழைய தோட்டத்துப் பாட்டி ஒருத்தர் இருக்கிறார், எண்பத்தெட்டு வயசு. போய்க் கேட்டோம். "கெணறா? எங்கப்பாவும் இன்னும் அஞ்சு பேரும்டா தம்பி. பால்வெட்டு முடிச்சு சாயங்காலம் வந்து தோண்டுவாங்க. சம்பளம் கிடையாது, ஆத்தாளுக்குன்னு தோண்டுனது. மண்ணு சரிஞ்சு ஒருத்தருக்குக் கால் போச்சு" என்றார். ஆறு பேரில் நாலு பேருடைய பேர் அவருக்கு ஞாபகம் இருந்தது. ஒருவருக்குப் பட்டப்பேர் மட்டும் தெரிந்தது. கால் போனவர் யார் என்று எவ்வளவு யோசித்தும் வரவில்லை. "மொகம் தெரியுது, பேரு வரலியே" என்று சொல்லி அழுதுட்டார்.

இதையெல்லாம் கமிட்டியில் வைத்துப் பேசினோம். எங்கள் தப்பையும் சொன்னோம். தலைவர் அண்ணனும் செயலாளர் அக்காவும் பொறுமையாகக் கேட்டார்கள். கிணறு மூடுகிற பேச்சு அன்றோடு நின்றது. இப்போது நடப்பில் இருக்கிற ஏற்பாடு இதுதான்:

கிணத்துக்குள் குளோரின், பினாயில், சோப்புத் தண்ணி எதுவும் போகக் கூடாது. கிணத்தைச் சுற்றிக் கழுவினால் அந்தத் தண்ணி வெளிக் கால்வாய்க்குத்தான் போகணும். அபிஷேகத்துக்கு மொள்ளும் தண்ணியை ரெண்டு மடிப்பு வெள்ளைத் துணியில் வடிகட்டி எடுக்கிறோம். அந்தத் துணியைக் கிணத்துத் தண்ணியிலேயே அலசி, அலசின தண்ணியைத் திரும்பக் கிணத்திலேயே ஊத்திவிடுகிறோம். துணியில் எது ஒட்டியிருந்தாலும் அது வீட்டுக்குத் திரும்பிப் போகட்டும். குடிக்கவும் அன்னதானத்துக்கும் பைப்புத் தண்ணிதான், அதுவும் கொதிக்க வைத்து. கிணத்துத் தண்ணியைப் பச்சையாகத் தீர்த்தம் என்று யாரும் குடிக்க வேண்டாம். இதைக் குருக்கள் ஐயாவே சொல்லச் சொன்னார்.

அப்புறம் அந்த வலை. மெல்லிய துணியில் கூம்பு மாதிரி தைத்து, அடியில் சின்னப் போத்தல் கட்டி, கயிற்றில் அடி மணல் வரைக்கும் இறக்கி மெதுவாக மேலே இழுக்கிறோம். அந்தப் பிள்ளை காட்டிக் கொடுத்த முறை. கிணத்தில் இருந்தது செத்தாலும் சுற்றி மண்ணுக்குள் இருப்பது தண்ணி ஊற ஊறத் திரும்ப வரலாம் என்று சொன்னாள். நாள் மறக்காமல் இருக்கத்தான் பௌர்ணமிக்கு மறுநாள் என்று வைத்துக்கொண்டோம், மற்றபடி அதில் விசேஷம் ஒன்றும் இல்லை.

முதல் மாசம் ஒன்றும் வரவில்லை. ரெண்டாவது மாசமும் இல்லை. தைப்பூசம் போச்சு, மாசி மகம் போச்சு. ஆறு மாசம் வெறும் மணலும் இலைத் தூளும்தான். எங்களில் ஒருத்தர், "நம்ம பாவம் இப்படியே இருக்கட்டும்டா, விடுங்க" என்றுகூடச் சொல்லிவிட்டார்.

போன மாசம் ஏழாவது தடவை. போத்தலில் வந்ததை வெள்ளைத் தட்டில் ஊத்தி டார்ச் அடித்தோம். ஒன்றே ஒன்று. வெள்ளை நூல் பிசிறு. நெளிந்தது. நேவி அண்ணன் கன்னத்தில் போட்டுக்கொண்டார். யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை.

அதை எடுத்து ஆல்கஹாலில் போட வேண்டும். போட்டால் செத்துப்போகும். இதற்கு எங்களுக்கு மனசு வரலை. அந்தப் பிள்ளைக்குப் போன் பண்ணினோம். "ஒண்ணை வச்சு உறுதியா சொல்றது கஷ்டம் அங்கிள், ஆணும் பெண்ணும் நல்லா வளர்ந்ததா சிலது வேணும். இப்போ ஒண்ணுதான் வந்திருக்குன்னா விட்டுடுங்க. நிறைய வரட்டும், அப்புறம் பார்க்கலாம்" என்றாள். தட்டைக் கிணத்துக்குள் சாய்த்து மெதுவாக விட்டோம்.

போத்தலில் போட டேக் மட்டும் தயாராக எழுதி வைத்திருக்கிறோம். பென்சிலில்தான் எழுதணுமாம், பேனா மை ஆல்கஹாலில் கரைந்துவிடும். இடம்: கோயில் கிணறு, லூமுட், பேராக். தேதிக்கு இடம். எடுத்தவர்: உழவாரப் பணிக் குழு. பேர் என்கிற இடத்தில் ஒன்றும் எழுதவில்லை. அது படித்தவர்கள் வேலை. அது ஏற்கெனவே பேர் உள்ள ஜீவனாக இருக்கலாம், புதுசாகவும் இருக்கலாம். எதுவாக இருந்தாலும் அதற்காக விழா எடுக்கப் போவதில்லை. அர்ச்சனைக்கு வருகிறவரிடம் பேர், ராசி, நட்சத்திரம் கேட்டுச் சொல்கிறோம் இல்லையா, அது மாதிரி இதற்கும் ஒரு நாள் சரியான பேரைச் சொல்லணும் என்று ஒரு ஆசை. அவ்வளவுதான்.

கிணத்தடியில் ஒரு சின்னக் கல் வைக்கவும் கமிட்டி ஒத்துக்கொண்டது. கிணறு தோண்டின ஆறு பேருக்கான கல். நாலு பேர், ஒரு பட்டப்பேர், ஆறாவது வரி காலி. கல் வெட்டுகிறவரிடம் அந்த வரியை அப்படியே விட்டு வைக்கச் சொல்லியிருக்கிறோம்.

இதைப் படிக்கிற பெரியவர்கள், பழைய தோட்டத்துக் குடும்பங்கள், இப்போது சித்தியவான், ஆயர் தாவார், ஈப்போ, கே.எல். என்று எங்கே இருந்தாலும், வீட்டில் அப்பா அம்மாவிடம், தாத்தா பாட்டியிடம் கொஞ்சம் கேளுங்கள். நம்ம கோயில் கிணறு தோண்டும்போது மண் சரிந்து கால் போன ஒருத்தர். அவர் பேர் என்ன? பட்டப்பேர் தெரிந்தாலும் போதும். எழுத்தைச் சரியாகக் கேட்டு, கோயில் ஆபீசில் எழுதிக் கொடுங்கள். பொதுவில் இங்கே போட வேண்டாம், குடும்பத்தாரிடம் கேட்டுவிட்டுத்தான் கல்லில் வெட்டுவோம்.

இந்த ஞாயித்துக்கிழமை காலை ஏழு மணிக்கு உழவாரப் பணி. துடைப்பமும் வாளியும் கோயிலில் இருக்கிறது. குளோரின் மட்டும் யாரும் கொண்டு வராதீங்க.

அம்மன் அருளால் எல்லாரும் நல்லா இருக்கணும்.

உழவாரப் பணிக் குழு சார்பில், லூமுட்டில் இருந்து.